உத்தரவு கையில், பிள்ளை மலையில்

கல்வராயன் மலையிலுள்ள வெள்ளிமலையில் பாட்டி வீட்டில் பிள்ளை, கேரளத்தில் கூலி வேலைக்குப் போன தகப்பன், கள்ளக்குறிச்சியில் பிறந்த வீட்டோடு தங்கிவிட்ட தாய் என்று வைத்துக்கொள்வோம். மாதம் இரண்டு முறை பிள்ளையைப் பார்க்கலாம் என்று தாய்க்கு உத்தரவு கிடைத்திருக்கிறது. மலையேறிப் போனால், "புள்ள ஊர்ல இல்ல" என்று வாசலிலேயே பதில்.

கல்வராயன் மலையின் மலையாளிப் பழங்குடியினருக்கு 1956-ஆம் ஆண்டின் இந்து இளவர், காப்பாளர் சட்டம் பொருந்தாது. மத்திய அரசு தனியாக அறிவிக்காதவரை பட்டியல் பழங்குடியினரை அதன் 3-ஆவது பிரிவே விலக்கிவைக்கிறது. அவர்களுக்கு வழி, வெள்ளைக்காரன் காலத்து 1890-ஆம் ஆண்டுக் காப்பாளர் சட்டம். அதன்படி போடும் மனுவுக்கு வக்கீல்கள் பேச்சில் 'ஜி.டபிள்யூ.ஓ.பி.' என்று பெயர். பிள்ளை வழக்கமாக வசிக்கும் எல்லைக்குள் இருக்கும் குடும்பநல நீதிமன்றத்தில் மனு போட வேண்டும். அது இல்லாத இடத்தில் மாவட்ட நீதிமன்றம். ஊர்ப் பெரியவர்கள் பேசி எழுதிக்கொடுத்த தாள் சாட்சியத்துக்கு உதவலாம். அதை வைத்து நிறைவேற்றக் கேட்க முடியாது.

உத்தரவை மீறினால் அதே நீதிமன்றத்தில் நிறைவேற்று மனு, அதாவது 'இ.பி.' போடலாம். பிள்ளையை நீதிமன்றத்துக்குக் கொண்டுவரச் சொல்லியும் கொண்டுவராதவருக்கு 1890 சட்டம் விதிக்கும் அபராதம் அதிகபட்சம் 100 ரூபாய். பிறகும் அடம்பிடித்தால் நாளுக்கு 10 ரூபாய், மொத்தம் 500-க்கு மேல் போகாது. இன்றைக்கு யார் இதற்குப் பயப்படுவார்கள்? ஆனால் அதே பிரிவில் சிவில் சிறையும் இருக்கிறது. பிள்ளையைக் கொண்டுவருவதாக உறுதி கொடுக்கும்வரை உள்ளேதான். வேண்டுமென்றே மீறினால் சென்னை உயர் நீதிமன்றத்தில் அவமதிப்பு வழக்கும் வரும். ஜீவனாம்சம் வரவில்லை என்பதற்காகப் பிள்ளையைக் காட்ட மறுப்பதையும் நீதிமன்றங்கள் ஏற்பதில்லை.

பல இ.பி.க்கள் சறுக்குவது உத்தரவின் வாசகத்தில்தான். 'மாதம் இரு முறை' என்று மட்டும் இருந்தால் எதிர்த்தரப்பு எந்த நாளையும் தட்டிக்கழிக்கலாம். 'இரண்டாவது, நான்காவது சனிக்கிழமை காலை 10 மணிக்குக் கச்சிராயபாளையம் பஸ் நிறுத்தத்தில் ஒப்படைத்து, மாலை 4 மணிக்குத் திரும்பப் பெற வேண்டும். பாட்டி உடன் வரலாம்' என்று இருந்தால் மீறலை நிரூபிப்பது எளிது. மலைக்குக் கடைசி பஸ் எத்தனை மணிக்கு என்பதையும் வக்கீலிடம் சொல்லிவிடுங்கள்.

முதல் உத்தரவே முடிந்த முடிவும் அல்ல. சென்னை உயர் நீதிமன்றத்திலிருந்து மேல்முறையீடாகப் போன ரோசி ஜேக்கப் வழக்கில், பிள்ளையின் நலனுக்காக இத்தகைய உத்தரவுகளை மாற்றலாம் என்று 1973-இல் உச்ச நீதிமன்றம் சொன்னது. பள்ளி மாறியது, பாட்டிக்கு முடியாமல் போனது, பிள்ளை வளர்ந்து தன் விருப்பத்தைச் சொல்வது எல்லாம் காரணமாகலாம். மாற்றும்வரை பழைய உத்தரவுதான் செல்லும்.

செலவுக்குப் பயந்து நிற்க வேண்டாம். பழங்குடியினருக்கும் பெண்களுக்கும் வருமானம் பார்க்காமல் இலவச வக்கீல் உண்டு. வட்ட சட்டப் பணிகள் குழுவில் கேட்கலாம், 15100 என்ற எண்ணிலும் அழைக்கலாம்.