முன்பணம்: யார் கொடுத்தது, யார் கட்டுவது?

பின்னேரம் நான்கு மணி இருக்கும். படலைக்கு வெளியே ஒரு மோட்டார் சைக்கிள் வந்து நிற்கிறது. வருபவர் அந்நியர் அல்லர். பக்கத்து ஊர்க்காரர்; ஒரு வகையில் சொந்தம் என்றும் சொல்லிக்கொள்வார். முற்றத்தில் கதிரை போடப்படுகிறது, தேநீர் வருகிறது. வந்தவர் மெல்லப் பேச்சைத் தொடங்குகிறார்.

“தங்கச்சி, உங்கட கையால ஒரு சதமும் செலவழிக்கத் தேவையில்ல. பாஸ்போர்ட், மெடிக்கல், டிக்கட் எல்லாம் நாங்க பாப்பம். போறதுக்கு முந்தியே உங்கட கையில காசு வரும். நகையை மீட்டுப் போட்டு, பிள்ளையளுக்கும் ஏதாவது செய்து போட்டுப் போகலாம்.”

இது ஒரு வீட்டின் கதை மட்டுமல்ல. களுவாஞ்சிக்குடியிலும், எருவில் பற்றின் பிற ஊர்களிலும், வாவிக்கு அப்பால் படுவான்கரையிலும் பல முற்றங்களில் இந்தப் பேச்சு நடந்திருக்கிறது. கணவனை யுத்தத்தில் இழந்த வீடுகளிலும், 2004 சுனாமிக்குப் பின் எழுந்து நிற்க முடியாத வீடுகளிலும், நுண்கடன் தவணைக்கு வாராவாரம் பயப்படும் வீடுகளிலும் இது இன்னும் எளிதாக நடக்கிறது.

வெளிநாடு போவது சரியா பிழையா என்பது இக்கட்டுரையின் கேள்வி அல்ல. 2022 ஆம் ஆண்டின் பொருளாதார நெருக்கடியில் மாத்திரம் 3 இலட்சத்துக்கும் அதிகமான இலங்கையர் தொழிலுக்காக நாட்டை விட்டுச் சென்றனர். 2024 இல் அவ்வாறு சென்றோர் அனுப்பிய பணம் 650 கோடி டொலரைத் தாண்டியது. அந்தப் பணத்தால் கல்வீடு கட்டியவர்களும் பிள்ளைகளைப் படிக்க வைத்தவர்களும் நம் மத்தியில் இருக்கிறார்கள். நாம் கேட்க வேண்டியது வேறொரு கேள்வி. ஒருவரை இங்கிருந்து எடுத்துப் போய் அங்கே வேலையில் சேர்க்கும் செலவை யார் சுமக்கிறார்? அந்தச் செலவு யாருடைய தலையில் கடனாக நிற்கிறது? இதற்கான விடை விமானம் ஏறிய பின்னர் தீர்மானிக்கப்படுவதில்லை. நமது முற்றத்தில், தேநீர் குடித்து முடிப்பதற்குள் அது தீர்மானமாகிவிடுகிறது.

கங்காணி வந்த வழி

இந்த முற்றத்துக் காட்சி புதியதல்ல. நூறு ஆண்டுகளுக்கு முன் தமிழ்நாட்டுக் கிராமங்களில் இதே பேச்சைக் கங்காணி பேசினார். முதலில் கோப்பித் தோட்டங்களுக்கும், பின்னர் தேயிலை, இறப்பர்த் தோட்டங்களுக்கும் மலையகத்துக்கு ஆள் தேவைப்பட்டது. தோட்டத்துரை தாமே போய் ஆள் பிடிக்கவில்லை. கங்காணியிடம் முன்பணம் கொடுத்து அவரது சொந்த ஊருக்கே அனுப்பினார். அங்கே அவர் உறவினர், தெரிந்தவர், சாதிசனம் என்று ஆள் திரட்டினார். பஞ்சமும் பழைய கடனும் உள்ள வீடுகளே அவருக்கு முதலில் கதவு திறந்தன. முன்பணத்தில் பழைய கடன் தீர்ந்தது; வழிச்செலவு நடந்தது. ஆனால் தோட்டத்தில் காலடி வைக்கும்போதே தொழிலாளியின் பெயரில் ஒரு கணக்குத் திறந்திருந்தது. கொடுத்த முன்பணமும் வழிச்செலவும் அக்கணக்கில் ஏறின.

வேறு தோட்டத்துக்குப் போக விரும்பினால் ‘துண்டு’ வேண்டும். இவ்வளவு கடனைக் கட்டினால் இந்த ஆட்களை விடுவிக்கச் சம்மதம் என்று துரை எழுதிக் கொடுக்கும் சீட்டுத்தான் துண்டு. புதிய தோட்டம் பழைய கடனைக் கட்டி ஆட்களை எடுக்கும். கடன் தீரவில்லை, கைதான் மாறியது. தோட்டங்கள் போட்டி போட்டு ஆள் எடுத்த காலத்தில் கடன் ஏறிக்கொண்டே போனது. கங்காணிக்கோ, தன் ஆட்களில் வேலைக்கு இறங்கும் ஒவ்வொரு தலைக்கும் நாளாந்தம் தலைக்காசு கிடைத்தது. ஆகவே ஆட்கள் கடனோடு தன்னிடமே இருப்பது அவருக்கு இலாபமாக இருந்தது.

இந்த முறை எப்படித் தளர்ந்தது என்பதை நாம் கவனிக்க வேண்டும். 1921 இல் சட்டம் துண்டு முறையை ஒழித்தது. 1922 இல் இந்திய அரசு குடியகல்வுச் சட்டத்தை இயற்றியது. அதனையொட்டி 1923 இல் இலங்கையில் ஒரு நிதியம் அமைக்கப்பட்டது. தோட்டங்கள் அதற்குப் பணம் செலுத்தின. ஆள் சேர்ப்புச் செலவு அதிலிருந்து கொடுக்கப்பட்டது. தொழிலாளி அந்தச் செலவைக் கடனாகச் சுமக்காமல் தோட்டத்துக்கு வரலாம் என்ற நிலை ஏற்பட்டது. தோட்டத்து வாழ்க்கையின் துன்பம் இதனால் முடிந்துவிடவில்லை. பெரிய கங்காணியின் பிடியும் உடனே போகவில்லை. எனினும் செலவு யார் தலையில் என்பதைச் சட்டத்தால் மாற்ற முடியும் என்பதற்கு இது நம் நாட்டிலேயே உள்ள சான்று. 1939 இல் இந்திய அரசு இலங்கைக்குக் கூலித்தொழிலாளர் வருவதையே நிறுத்தியது.

மெக்சிக்கோவிலிருந்து அமெரிக்க வயல்களுக்கு

நல்ல ஒப்பந்தம் இருந்தால் போதும் என்று சிலர் நினைக்கலாம். அதற்கு உலகத்தின் மறுபக்கத்திலிருந்து ஒரு பாடம் உண்டு.

இரண்டாம் உலகப்போரின்போது அமெரிக்கப் பண்ணைகளில் ஆள் பற்றாக்குறை ஏற்பட்டது. அயல்நாடான மெக்சிக்கோவுடன் அமெரிக்கா 1942 ஆகஸ்ட் 4 ஆம் திகதி உடன்படிக்கை செய்தது. இவ்வாறு சென்ற தொழிலாளரை ‘பிரசேரோ’ என்று அழைத்தனர். கைகளால் உழைப்பவர் என்று பொருள். 1964 வரை நடந்த இத்திட்டத்தில் ஏறத்தாழ 46 இலட்சம் ஒப்பந்தங்கள் கையெழுத்தாயின. ஒருவரே பலமுறை போனதும் இதில் அடங்கும்.

காகிதத்தில் அந்த உடன்படிக்கை சிறப்பானது. போகவர இலவசப் பயணம், தங்குமிடம், குறைந்தபட்சக் கூலி எல்லாம் எழுதப்பட்டிருந்தன. ஆனால் ஆள் சேர்ப்பு நடந்த விதத்தைப் பாருங்கள். முதலில் ஊரதிகாரியின் பட்டியலில் பெயர் ஏற வேண்டும். அதற்கு இலஞ்சம். ‘மொர்தீதா’ என்று அதற்குப் பெயர். ‘கடி’ என்று அர்த்தம். மாட்டை விற்றும் கடன் வாங்கியும் அதைக் கொடுத்தார்கள். பிறகு மொன்தெரே, எம்பால்மே போன்ற நகரங்களின் ஆட்சேர்ப்பு நிலையங்களுக்கு முன்னால் நாட்கணக்கில் காத்திருந்தார்கள். உள்ளே போனதும் உள்ளங்கையைத் திருப்பிப் பார்த்தார்கள். காய்ப்பு ஏறிய கை என்றால் நல்ல உழைப்பாளி. எல்லை கடந்ததும் உடைகளைக் களையச் செய்து உடம்பில் டீ.டீ.ரீ. மருந்து அடித்தார்கள். மாட்டுச் சந்தையில் பல்லைப் பிடித்துப் பார்ப்பது போலத்தான்.

ஒப்பந்தம் ஒரு முதலாளியோடு அல்லது அவர்களது சங்கத்தோடு கட்டப்பட்டிருந்தது. இடம் மாற முடியாது. முறைப்பாடு செய்தவர் ஊருக்குத் திருப்பி அனுப்பப்படுவார்; அடுத்த பருவத்துக்குப் பெயர் வராது. தொடக்க ஆண்டுகளில் கூலியில் 10 சதவீதம் சேமிப்பு என்று பிடிக்கப்பட்டு மெக்சிக்கோ வங்கிகளுக்கு அனுப்பப்பட்டது. பெரும்பாலானோருக்கு அது வந்து சேரவேயில்லை. முதியவர்களான பின்னர் வழக்காடியும் ஊர்வலம் போயும் கேட்டார்கள். 2000 ஆம் ஆண்டுகளில்தான் மெக்சிக்கோ அரசு ஆளுக்கு 38,000 பேசோ தருவதாக அறிவித்தது. அதற்குள் பலர் இறந்து போயிருந்தனர்.

ஆனாலும் ஒன்று. பாகுபாடு காட்டுகிறது என்பதால் 1943 இலிருந்து சில ஆண்டுகளுக்கு டெக்சாஸ் மாநிலத்துக்கு ஆள் அனுப்ப மெக்சிக்கோ மறுத்தது. அனுப்பும் நாடு ‘இல்லை’ என்று சொல்லலாம் என்பதற்கு அது உதாரணம்.

இன்றைய கங்காணி

இனி நம் முற்றத்துக்குத் திரும்புவோம். அந்த மோட்டார் சைக்கிள்காரர் யார்? உப முகவர் என்பார்கள். இலங்கையில் 1985 ஆம் ஆண்டின் 21 ஆம் இலக்கச் சட்டத்தின் கீழ் வெளிநாட்டு வேலைவாய்ப்புப் பணியகம் அமைக்கப்பட்டது. அச்சட்டப்படி உரிமம் பெற்ற முகவர் மட்டுமே ஆள் சேர்க்கலாம். உரிமம் கொழும்பு அலுவலகத்தின் சுவரில் தொங்குகிறது. ஆள் சேர்ப்பவரோ நம் ஊரில் நிற்கிறார். பிரச்சினை வந்தால் அலுவலகம் ‘அவரை எங்களுக்குத் தெரியாது’ என்கிறது. அவரோ ‘நான் கொண்டுபோய் விட்டதுதான்’ என்கிறார்.

ஆண்கள் என்றால் பெரும்பாலும் காசு கேட்பார்கள். தாலிக்கொடி அடகுக்குப் போகும், வளவு உறுதி ஈட்டுக்குப் போகும், மீற்றர் வட்டிக்கும் வாங்குவார்கள். முதல் பல மாதச் சம்பளம் வட்டிக்கே போகும். பணிப்பெண் என்றால் காசு கேட்பதில்லை; காசு கொடுப்பார்கள். இது முகவரின் தருமம் அல்ல. வளைகுடா நாட்டு வீட்டுக்காரர் அங்குள்ள முகவருக்குப் பெருந்தொகை கட்டுகிறார். அதில் ஒரு பங்கு கொழும்புக்கும், ஒரு பங்கு மோட்டார் சைக்கிள்காரருக்கும், ஒரு பங்கு முன்பணமாக நம் வீட்டுக்கும் வருகிறது.

இரண்டும் ஒரே கயிற்றின் இரு நுனிகள். காசு கட்டி எடுத்த வீட்டுக்காரர், தான் ஆளையே வாங்கிவிட்டதாக நினைக்கிறார். அங்குள்ள ‘கஃபாலா’ முறையில் விசா அவரது பொறுப்பில் இருப்பதால் அந்த நினைப்பு மேலும் வலுக்கிறது. அடி தாங்காமலோ, சம்பளம் வராமலோ ‘வீட்டுக்கு அனுப்புங்கள்’ என்று பெண் அழுதால் வரும் பதில்: ‘வாங்கின காசைத் திருப்பிக் கட்டு.’ துண்டுச் சீட்டில் எழுதியிருந்ததும் இதே வாசகம்தானே?

ஆள் கணக்கில் காசு பார்க்கும் தொழிலில் பொய்ப் பத்திரமும் கூடவே வரும். மூதூரைச் சேர்ந்த றிசானா நபீக்கை நாம் மறக்க முடியாது. 2005 இல் சவூதி அரேபியாவுக்குப் போனபோது அவருக்கு வயது 17. கடவுச்சீட்டில் வயது கூட்டிப் போடப்பட்டிருந்தது. பராமரித்த குழந்தையின் மரணத்துக்காக 2013 ஜனவரி 9 ஆம் திகதி அவருக்கு மரண தண்டனை நிறைவேற்றப்பட்டது. அந்தப் பிள்ளையின் வயதை மாற்றிய பேனை இங்கேதான் எழுதியது. 2022 இலும் சுற்றுலா விசாவில் ஓமானுக்குக் கொண்டு செல்லப்பட்டுத் தவித்த நம் நாட்டுப் பெண்களின் செய்தி வந்தது. சுற்றுலா விசாவில் போனவருக்குப் பணியகத்தில் பதிவு இல்லை, காப்புறுதி இல்லை; ஒப்பந்தம் இருந்தாலும் அதற்கு மதிப்பில்லை.

முற்றத்திலேயே கேட்க வேண்டியவை

வேறு வழியும் உண்டு. தென்கொரியாவுக்கு 2004 உடன்படிக்கையின் பின் அரசுக்கும் அரசுக்கும் இடையே ஆள் சேர்ப்பு நடக்கிறது. மொழிப் பரீட்சை உண்டு. தனியார் முகவர் இல்லை. இஸ்ரேலின் வயல் வேலைக்கு 10,000 பேர் வரை அனுப்ப 2023 நவம்பரில் செய்த ஏற்பாடும் அரச வழியானதே. யுத்தம் நடக்கும் நாட்டுக்குப் போவதன் ஆபத்தைத் தனியே யோசிக்க வேண்டும். ஆனால் இத்தகைய வேலைக்கு ‘உன் பெயரைச் சேர்த்துத் தாறேன்’ என்று எவராவது காசு கேட்டால், அது மெக்சிக்கோக்காரர் சொன்ன அதே ‘கடி’தான்.

மோட்டார் சைக்கிள் வந்து நிற்கும்போது வீட்டார் பின்வருவனவற்றைக் கேட்கட்டும்:

1. உங்கள் முகவர் நிலையத்தின் உரிம இலக்கம் என்ன? அதைப் பணியகத்தில் விசாரிக்கும் வரை கடவுச்சீட்டைக் கொடுக்க வேண்டாம்.

2. இந்த முன்பணம் எதற்கு? திருப்பிக் கட்ட வேண்டுமா? எழுத்தில் தாருங்கள். வெற்றுத்தாளில் கையொப்பம் வேண்டாம்.

3. ஒப்பந்தம் தமிழில் எங்கே? சம்பளம், ஓய்வு நாள், வேலை செய்யும் வீட்டின் முகவரி அதில் உள்ளனவா? ஒரு பிரதி வீட்டில் இருக்கட்டும்.

4. விசா எந்த வகை? சுற்றுலா விசா என்றால் பேச்சை அத்துடன் முடித்துவிடுங்கள்.

5. கடவுச்சீட்டில் உள்ள வயதும் பெயரும் உண்மையானவையா?

சந்தேகம் இருந்தால் களுவாஞ்சிக்குடியிலுள்ள பிரதேச செயலகத்தில் வெளிநாட்டு வேலைவாய்ப்புக்குப் பொறுப்பான உத்தியோகத்தரைச் சந்திக்கலாம். பணியகத்தின் 1989 என்ற இலக்கத்துக்கும் பேசலாம்.

தனியாக ஒரு பெண் இக்கேள்விகளைக் கேட்டால் ‘உனக்கு விருப்பமில்லையென்றால் வேறு ஆள் இருக்கு’ என்று எழுந்து போய்விடுவார்கள். மாதர் சங்கமும் கிராம அபிவிருத்திச் சங்கமும் ஊரோடு சேர்ந்து கேட்டால் அப்படிப் போக முடியாது. ஊரில் யார் யார் எந்த நாட்டுக்கு, எந்த முகவர் மூலம் போனார்கள் என்று ஒரு கொப்பியில் எழுதி வைப்பதற்குப் பெரிய செலவு இல்லை. ஆபத்து வந்த நாளில் அந்தக் கொப்பிதான் முதலில் தேவைப்படும்.

குழுவாகப் பேசிப் பார்க்க

• நம் ஊரிலிருந்து வெளிநாடு போனவர்களில் எத்தனை பேர் கடனைத் தீர்க்கப் போனார்கள்? எத்தனை பேர் போவதற்காகவே கடன்பட்டார்கள்?

• நம் ஊர் உப முகவர் நமக்குச் சொந்தக்காரர் என்றால், அவரிடம் கேள்வி கேட்க ஏன் தயங்குகிறோம்?

• அவசரக் கடனுக்கு நம் சங்கத்தில் ஒரு சிறு சேமிப்பு இருந்திருந்தால், கடந்த வருடம் எந்த வீட்டுக்கு முன்பணம் வாங்கும் தேவை வந்திராது?