நடுவர் தீர்ப்புக்கு மேல கோர்ட் தீர்ப்பு உண்டா?

ஏற்காடு நாகலூர் பக்கம் ஒரு அரசுப் பள்ளியில நீங்க படிக்கிறதா வெச்சுக்கோங்க. பள்ளி அளவுல ஜெயிச்சாச்சு, வட்டார அளவுலயும் ஜெயிச்சாச்சு. 20 கொண்டை ஊசி வளைவு இறங்கி சேலத்துல மாவட்டக் கலைத் திருவிழாவுல ஆடுறீங்க. ரெண்டாம் இடம். "முதல் பரிசு வாங்கின பொண்ணுக்கு அந்த நடுவர்தான் டான்ஸ் வாத்தியாராம்"னு யாரோ காதுல போடுறாங்க. கோர்ட்டுக்குப் போகலாமா?

விஷயம் சின்னது இல்ல. 2022-23இல் தமிழக அரசு தொடங்கிய இந்தத் திருவிழாவில் மாநில அளவில் ஜெயித்தால் கலையரசன், கலையரசி பட்டம். சிறந்தவர்களுக்கு வெளிநாட்டுப் பயணம்கூட உண்டு.

இந்தச் சண்டையில நமக்கு சீனியர் கேரளா. அங்கே 1957 முதல் பள்ளிக் கலோத்சவம் நடக்கிறது. நல்ல கிரேடு வாங்கினால் பொதுத்தேர்வில் கருணை மதிப்பெண் கிடைத்ததால் போட்டி இன்னும் சூடானது. மாவட்டத்தில் தோற்றவர்கள் முதலில் அப்பீல் கமிட்டிக்குப் போவார்கள். அங்கேயும் நடக்கலைன்னா கோர்ட், லோக் ஆயுக்தா, குழந்தைகள் உரிமை ஆணையம். இப்படி உத்தரவோடு வருபவர்களால் பட்டியல் நீண்டு, நள்ளிரவு தாண்டியும் மேடை ஓயாது. 2018இல் திருச்சூர் கலோத்சவத்தில், ஆணையத்தின் பெயரிலேயே போலி உத்தரவுகள் வந்து போலீஸ் வழக்கானது!

சரி, சட்டம் என்ன சொல்லுது? அரசு நடத்தும் போட்டி என்பதால் அரசியலமைப்பின் 226ஆவது பிரிவின்படி உயர் நீதிமன்றத்தில் ரிட் மனு போடலாம். ஆனா "நான்தான் நல்லா ஆடினேன்"னு சொன்னா நீதிபதி கேட்க மாட்டார். மதிப்பெண் போடுவது அந்தத் துறை தெரிந்தவர்களின் வேலை. விடைத்தாள் மறுமதிப்பீடு கேட்ட மகாராஷ்டிரா மாணவர்கள் வழக்கிலேயே, அது மாணவரின் உரிமை அல்ல என்று 1984இல் உச்ச நீதிமன்றம் சொல்லிவிட்டது. விடைத்தாளாவது கையில் இருக்கும். முடிந்துபோன நடனத்தை எந்த நீதிபதி திரும்பப் பார்ப்பார்?

கோர்ட் பார்ப்பது வேறு: விதிப்படி நடந்ததா? மதிப்பெண் கூட்டலில் தவறா? நடுவருக்குச் சொந்த லாபம் இருந்ததா? 1969இல் கிரைபக் வழக்கு. காஷ்மீர் வனத்துறை அதிகாரி ஒருவர், தானும் வேட்பாளராக இருந்த தேர்வுக்கே குழுவில் உட்கார்ந்தார். தன் பெயர் வந்தப்ப வெளியே போயிட்டார். ஆனாலும் தேர்வு ரத்து. பாரபட்சம் நடந்ததுன்னு நிரூபிக்கணும்னுகூட இல்ல, நடக்க நியாயமான வாய்ப்பு இருந்தாலே போதும்.

ஆக, உங்க வாத்தியார் கதையில விஷயம் இருக்கு. ஆனா காதுல கேட்டது ஆதாரம் ஆகாது. இன்னொன்னு, சென்னையில வழக்கு நம்பர் ஆகுறதுக்குள்ள மாநிலப் போட்டியே முடிஞ்சிடலாம். மலையில இருந்து வர்ற குடும்பத்துக்குச் செலவும் அலைச்சலும் வேற.

அதனால மேடையை விட்டு இறங்கின அன்னைக்கே மூணு வேலை செய்யுங்க. ஆட்சேபத்தை எழுத்துல கொடுத்து, வாங்கினதுக்குக் கையெழுத்து கேளுங்க. போட்டி விதிகளோட நகல் ஒன்னு வெச்சுக்கோங்க. மதிப்பெண் தாளைத் தகவல் அறியும் உரிமைச் சட்டத்துல கேளுங்க. அப்புறம் கோர்ட்டுக்குப் போனாலும் போகாட்டியும், அடுத்த வருஷம் அந்த நாற்காலியில யாரை உட்கார வைக்கிறதுன்னு ஒரு தடவை யோசிப்பாங்க.