கனத்தில் இருக்கிறது கணக்கு

பிளாட்பாரக் கடையில் லிப்ஸ்டிக் குப்பியை விடச் சற்றே பெரிய பவர் பேங்க் ஒன்று. மேலே கொட்டை எழுத்தில் ‘30,000 எம்ஏஎச்’. வருகிறவர்கள் விலையைப் பேரம் பேசுகிறார்கள். அந்த எண்ணை யாரும் பேரம் பேசுவதில்லை. அடிமாட்டு விலைக்குக் குறைக்க வேண்டியது அதைத்தான்!

பிரித்துப் பார்த்தால், அந்த அளவுக் கூட்டுக்குள் உருளையாக ஒரே ஒரு செல்தான் இருக்க முடியும். தொழிலில் அதற்கு 18650 என்று பெயர். 18 மில்லிமீட்டர் விட்டம், 65 மில்லிமீட்டர் நீளம் என்று பெயரே அளவைச் சொல்லிவிடுகிறது. பழைய லேப்டாப் பேட்டரிகளைப் பிரித்தவர்களுக்கு நன்கு பழக்கமான செல். எடை ஐம்பது கிராமுக்குள். நல்ல கம்பெனிச் சரக்காக இருந்தாலும் 3,500 எம்ஏஎச் கிடைத்தால் பெரிது. அப்படியானால் 30,000-க்கு ஒன்பது செல் வேண்டும். அவற்றின் எடையே நானூறு கிராமைத் தாண்டும்.

சோனி நிறுவனம் லித்தியம் அயனி பேட்டரியை விற்பனைக்குக் கொண்டுவந்தது 1991-இல். அதன்பின் கம்ப்யூட்டர் சிப்புகள் சுருங்கிய வேகத்தில் பேட்டரி சுருங்கவில்லை. சிப்பில் இருப்பது தகவல். அதை மேலும் மேலும் சிறிதாக எழுத முடிந்தது. பேட்டரியில் மின்சாரத்தைத் தாங்குவது கிராஃபைட்டும் லித்தியம் சேர்மங்களும். கூடுதல் சார்ஜ் வேண்டுமென்றால் கூடுதல் சரக்கு வேண்டும்.

தட்டையான பாலிமர் செல்கள் வந்தபின் பவர் பேங்க் மெலிந்தது உண்மை. உருளைகளுக்கு நடுவே வீணாகும் இடைவெளி இதில் இல்லை. ஆனால் எடை பெரிதாகக் குறைந்துவிடவில்லை.

நேர்மையான கம்பெனியின் 10,000-மும் முழுதாகக் கைக்கு வராது. அந்த எண் உள்ளே இருக்கும் செல்லின் 3.7 வோல்ட்டுக்கானது, யுஎஸ்பி வழியே வெளிவருவது 5 வோல்ட். 3.7 வோல்ட்டில் 10,000 எம்ஏஎச் என்றால் 37 வாட் மணி ஆற்றல். அதை ஐந்தால் வகுத்தால் 7.4 ஆம்பியர் மணி, அதாவது 7,400 எம்ஏஎச். மாற்றும்போது சூடாக வீணாவதும் போக, ஆறாயிரத்துச் சொச்சம்தான் மிஞ்சும். அட்டைப் பெட்டியின் பின்புறம் பொடி எழுத்தில் ‘ரேட்டட் கெபாசிட்டி’ என்று இருப்பது இந்த எண்தான். 5,000 எம்ஏஎச் போனை இரண்டு முறை முழுதாக நிரப்பவில்லையே என்ற புலம்பலுக்கு விடை அங்கேயே அச்சாகியிருக்கிறது.

விமானத்தில் இந்தக் கணக்கு சட்டமாகிவிடுகிறது. கைப்பையில் மட்டுமே கொண்டுபோகலாம். 100 வாட் மணியைத் தாண்டினால் விமான நிறுவனத்தின் அனுமதி வேண்டும். 20,000 என்றால் 74 வாட் மணி, பிரச்சினையில்லை. 30,000 என்றால் 111.

சோதனை மேடையில் உறையைப் பிரித்துப் பார்க்க மாட்டார்கள். மேலே எழுதியிருப்பதைத்தான் படிப்பார்கள். உள்ளே மூவாயிரம்கூடத் தேறாத அந்த லிப்ஸ்டிக் குப்பி, அங்கே மட்டும் உண்மையான 30,000-ஆக மதிக்கப்பட்டு, அனுமதி இல்லாவிட்டால் பறிபோகும்.