டஹிட்டிக்குப் போனவரும் மதுரையிலேயே பிறந்தவரும்

ஓவியரே எழுத்தாளராகவும் இருந்து ஒரு மண்ணைப் பதிவு செய்த கதை என்றால் பால் காகின் பேர்தான் முதலில் வரும். 1891ல் பிரான்சிலிருந்து டஹிட்டித் தீவுக்குப் போனார். 1893ல் திரும்பி வந்து அந்த அனுபவத்தை 'நோவா நோவா' என்று எழுதினார். டஹிட்டி மொழியில் நறுமணம்னு அர்த்தம்.

படிச்சா மணக்கத்தான் செய்யுது. ஆனா அதில் வரும் பழைய தெய்வக் கதைகளை 13 வயசு வாக்கிலிருந்த தன் டஹிட்டிய மனைவி சொன்னதாக எழுதியிருக்கார். (அந்த வயசை வாசிக்கும்போதே எனக்குப் புத்தகத்தை மூடி வைக்கத் தோணுச்சு.) உண்மையில் அவற்றில் பெரும்பகுதி மோரன்ஹூட் என்பவர் 1837ல் வெளியிட்ட புத்தகத்திலிருந்து எடுத்தது. காகின் போய் இறங்கும்போது தீவு கிறிஸ்தவத்துக்கு மாறி இரண்டு தலைமுறைக்கு மேல் ஆகிவிட்டது. அவர் தேடிப்போன டஹிட்டி அங்கே இல்லை.

நம்ம பக்கத்தில் இதே வேலையைச் செய்தவர் மனோகர் தேவதாஸ். 1936ல் மதுரையில் பிறந்தவர். அமெரிக்கன் கல்லூரியில் வேதியியல் படித்துவிட்டு சென்னையில் ஒரு பேட்டரி கம்பெனியில் வேலை பார்த்தார். ஓவியம் தொழில் இல்லை. ஆனாலும் கோபுரம், யானைமலை, தெரு, தெப்பக்குளம் என்று மதுரையை மையால் கோடு கோடாக வரைந்து தள்ளினார். 'கிரீன் வெல் இயர்ஸ்' என்ற அவருடைய ஆங்கில நாவல் 1997ல் வந்தது. 1940, 50களின் மதுரையில் வளரும் சுந்தர் என்ற பையனின் கதை. யாரும் சொல்லக் கேட்டு எழுத வேண்டிய அவசியமே அவருக்கு இல்லை, அந்தப் பையனே அவர்தான்.

அவருக்கு ரெட்டினைடிஸ் பிக்மென்டோசா என்ற கண் நோய். விழித்திரையின் செல்கள் பொதுவாக ஓரத்திலிருந்து சாகத் தொடங்கும். முதலில் ராத்திரியில் பார்வை மங்கும், பிறகு பக்கவாட்டில் தெரியாமல் போகும், கடைசியில் குழாய் வழியாகப் பார்ப்பது போல நடுவில் ஒரு துண்டு மிஞ்சும். முழுக் கோபுரமும் ஒரே பார்வையில் தெரியாத மனுஷன், துண்டு துண்டாகப் பார்த்து மனசுக்குள் ஒட்டி, லென்ஸ் வைத்துக்கொண்டு வரைந்தார். அந்தப் படங்களில் கோடு தப்பவே இல்லை.

1972 டிசம்பரில் நடந்த கார் விபத்தில் மனைவி மகிமாவுக்குக் கழுத்துக்குக் கீழே செயலிழந்துபோனது. இவர் வரைய, அவர் குறிப்பு எழுத, வாழ்த்து அட்டைகளாக அச்சடித்து அந்தப் பணத்தைத் தர்ம காரியங்களுக்குக் கொடுத்தார்கள். மகிமா 2008ல் காலமானார். மனோகருக்கு 2020ல் பத்மஸ்ரீ கிடைத்தது, 2022 டிசம்பரில் அவரும் போய்விட்டார்.

இதையெல்லாம் நான் தேடிப் படிக்கக் காரணம் எங்க ஊர்தான். பொதட்டூர்பேட்டை நெசவாளர் ஊர். இப்ப எந்தத் தெருவில் நின்றாலும் விசைத்தறிச் சத்தம்தான். விடியற்காலையில் தெரு நீளத்துக்குப் பாவு போட்ட காலத்தைப் பார்த்த பெரியவர்கள் கொஞ்சம் பேர்தான் மிச்சம். தமிழும் தெலுங்கும் கலந்து அவர்கள் சொல்வதை நோட்டில் எழுதிக்கிட்டு வர்றேன். ஆனா பாவை நீட்டும்போது யார் எந்தப் பக்கம் நிற்கணும், குச்சியை எப்படிப் பிடிக்கணும்கறதை எழுத்தில் சொல்லி முடிய மாட்டேங்குது. ரெண்டு பக்கம் எழுதின பிறகும் ஒரு பெரியவர், "இப்டி இல்லப்பா"ன்னு தரையில கோடு போட்டுக் காட்டுறார். படம் போடத் தெரிஞ்சவங்க பக்கத்துல யாராச்சும் இருந்தா சொல்லுங்க, சீக்கிரம் வேணும்.