எரிய மறுக்கும் பிளாஷ்

ராஜபாளையத்தில் எந்த செல்போன் சர்வீஸ் கடையில் கொஞ்ச நேரம் நின்றாலும் இந்தப் புகார் காதில் விழும்: "அண்ணே, போட்டோ எடுத்தா பிளாஷ் அடிக்க மாட்டேங்குது." கடைக்காரர் போனைக் கையில் வாங்கும் முன்பே ஒரு கேள்வி கேட்பார்: "டார்ச் எரியுதா?"

அந்தக் கேள்வியிலேயே பாதி நோய் பிடிபட்டுவிடும். டார்ச்சும் பிளாஷும் ஒரே விளக்குதான். டார்ச்சில் மெதுவாக, நீண்ட நேரம் எரியும். பிளாஷில் பல மடங்கு பலத்தோடு ஒரு கணம் எரியும். டார்ச் எரிகிறது என்றால் விளக்கு உயிரோடு இருக்கிறது, அதற்கு மின்சாரம் போகும் பாதையும் அறுபடவில்லை. பிறகு ஏன் அடிக்கவில்லை? பெரும்பாலும், அடிக்க வேண்டாம் என்று போனே முடிவெடுத்திருக்கிறது. அந்த முடிவை எடுக்க உள்ளே எத்தனை காவலர்கள் விழித்திருக்கிறார்கள் என்று தெரிந்தால், நம் உள்ளங்கையில் கிடக்கும் இந்தக் கருவியின்மேல் மரியாதை கூடிவிடும்.

முதலில் விளக்கையே பார்ப்போம். போனைத் திருப்பி, வெளிச்சத்தில் சற்றுச் சாய்த்துப் பிடியுங்கள். அணைந்திருக்கும்போது பிளாஷ் மஞ்சளாகத் தெரியும். வெள்ளை ஒளி தரும் விளக்கு மஞ்சளாக இருப்பானேன்? அந்த மஞ்சளுக்கு அடியில் இருப்பது நீல விளக்கு. ஏறக்குறைய ஒரு மில்லிமீட்டர் சதுரத்தில் ஒரு எல்.ஈ.டி., அதாவது மின்சாரம் பாய்ந்தால் ஒளி உமிழும் படிகச் சில்லு. அதன்மேல் ஒளிர்பொருள் பூசியிருக்கிறார்கள். ஒரு நிற ஒளியை விழுங்கி வேறு நிறத்தில் திருப்பித் தரும் பொடி அது. நீல ஒளியில் ஒரு பகுதியை அந்தப் பொடி மஞ்சளாக்கும். மீதி நீலம் அப்படியே தப்பி வெளியே வரும். நீலமும் மஞ்சளும் சேர்ந்து விழும்போது நம் கண் அதை வெள்ளை என்று ஏற்றுக்கொள்கிறது.

இந்த நீலச் சில்லுக்காக உலகம் நெடுங்காலம் காத்திருந்தது. சிவப்பு எல்.ஈ.டி. 1962-இலேயே வந்துவிட்டது. பளிச்சென எரியும் நீலம் கிடைக்க 1990-கள் வரை ஆயிற்று. காலியம் நைட்ரைடு என்ற படிகத்தைக் குறையில்லாமல் வளர்ப்பது அவ்வளவு கடினம். அதைச் சாதித்த இசாமு அகாசாகி, ஹிரோஷி அமானோ, ஷுஜி நாகமுரா மூவருக்கும் 2014-இல் இயற்பியல் நோபல் பரிசு கிடைத்தது. நாம் இருட்டில் சாவித்துளை தேடும் வெளிச்சம் அந்த உழைப்பின் பயன்.

விளக்கின்மேல் மூடியிருக்கும் சிறு வில்லையை உற்றுப் பாருங்கள். பல போன்களில் அதில் வட்ட வட்டமாக வரிகள் தெரியும். 1820-களில் பிரெஞ்சுக்காரர் அகஸ்டின் ஃபிரெனெல் கலங்கரை விளக்கங்களுக்காக வகுத்த வடிவம் இது. தடித்த கண்ணாடி வில்லையின் வளைவை மட்டும் வைத்துக்கொண்டு நடுப்பகுதிக் கனத்தை வெட்டி எறிந்தால் தட்டையான வளையங்கள் மிஞ்சும். ஆனால் ஒளியை வளைக்கும் வேலையை அவையே செய்துவிடும். கடலில் பல மைல் தள்ளிப்போகும் கப்பலுக்கு வழிகாட்டிய உத்தி, ஒரு தட்டைப் போனின் முதுகில் அடங்கிவிட்டது. இங்கே சோதனையின் முதல் படியும் வந்துவிடுகிறது. நூற்பாலை வேலைக்குப் போகிறவர்கள் நிறைந்த ஊர் ராஜபாளையம். உறைக்கும் வில்லைக்கும் இடையே பஞ்சுத் தூசி மெல்லப் படிந்துவிடும். உறை சற்று விலகியிருந்தாலும் பிளாஷ் ஒளி அதன் விளிம்பில் பட்டுக் கேமராவுக்குள்ளேயே திரும்பும். படம் முழுக்க வெண்புகை மண்டியதுபோல் இருக்கும். உறையைக் கழற்றி, மென்மையான துணியால் துடைத்துவிட்டு ஒரு படம் எடுத்துப் பாருங்கள்.

எல்.ஈ.டி. வருவதற்கு முன் இருட்டில் படம் எடுப்பது வெடி வெடிப்பதுபோலத்தான் இருந்தது. 1887-இல் ஜெர்மனியில் அடால்ஃப் மீதெ, யோஹன்னஸ் கேடிக்கெ இருவரும் மக்னீசியப் பொடியோடு பொட்டாசியம் குளோரேட்டும் ஆன்டிமனி சல்ஃபைடும் கலந்து பிளாஷ் பொடி செய்தார்கள். ஸ்ரீவில்லிபுத்தூருக்குப் பக்கத்திலிருக்கும் சிவகாசிக்காரர்களுக்கு இந்த வேதிப்பொருள்களின் பெயர்கள் புதிதல்ல. தீக்குச்சி மருந்தில் இன்றும் பொட்டாசியம் குளோரேட் உண்டு. பிளாஷ் பொடியைத் தட்டில் கொட்டிப் பற்றவைத்த புகைப்படக்காரர்கள் பலர் கையைச் சுட்டுக்கொண்டார்கள். அடுத்து பிளாஷ் பல்புகள் வந்தன; பிறகு செனான் வாயு நிரப்பிய குழாய்கள். கல்யாண வீட்டில் போட்டோகிராபர் கேமராமேல் மாட்டியிருப்பது இந்தச் செனான் வகைதான். மின்தேக்கியில் 300 வோல்ட் அளவுக்குச் சேமித்து, நொடியில் ஆயிரத்தில் ஒரு பங்கு நேரத்தில் கொட்டிவிடும். நோக்கியா 808, லூமியா 1020 போன்ற சில போன்கள் அதையும் சுமந்து வந்தன. ஆனால் பருத்த மின்தேக்கிக்கு மெலிந்த போன்களில் இடமில்லை. எல்.ஈ.டி. நிலைத்துவிட்டது.

சிக்கல் இனிமேல்தான். பளிச்சென எரியும்போது எல்.ஈ.டி.க்கு மூன்றரை வோல்ட் அல்லது அதற்கும் மேல் தேவை. போன் பேட்டரி முழுதாக இருக்கையில் 4.2 வோல்ட்டுக்கு மேல் தரும். தீரத் தீர மூன்றரைக்கும் கீழே இறங்கும். குறைந்த அழுத்தத்திலிருந்து கூடுதல் அழுத்தம் எப்படி வரும்? பிளாஷுக்கென்றே ஓர் ஐ.சி., அதாவது சிறு மின்சுற்றுச் சில்லு, இருக்கிறது. அதன் அருகில் மின்தூண்டி. கடைக்காரர் காயில் என்பார், செம்புச் சுருள். ஐ.சி. முதலில் மின்சாரத்தைச் சுருளுக்குள் ஓடவிட்டுக் காந்தப் புலமாகச் சேர்க்கிறது. சட்டென வழியை அடைக்கிறது. ஓட்டத்தை நிறுத்த விரும்பாத சுருள், சேர்த்ததை பேட்டரியின் அழுத்தத்தோடு கூட்டி விளக்கின் பக்கம் தள்ளுகிறது. நம் தெரு அடிபம்பு ஒவ்வொரு அடிக்கும் கொஞ்சம் கொஞ்சமாகத் தண்ணீரை மேலே தூக்குவதுபோல. இந்தப் பம்பு மட்டும் நொடிக்கு இருபது லட்சம் முறைக்கும் மேல் அடிக்கிறது.

அடுத்து வருவதுதான் எனக்கு மிகவும் பிடித்த புதிர். பேட்டரி பத்து சதவீதத்துக்குக் கீழே போனால் பல போன்கள் பிளாஷை முடக்கிவிடும். மின்சாரத்தை மிச்சம் பிடிக்க என்று நினைப்போம். கணக்குப் போட்டுப் பாருங்கள். 5,000 மில்லிஆம்பியர்-மணி பேட்டரியில் ஏறக்குறைய 69,000 ஜூல் ஆற்றல் இருக்கிறது. ஐந்து வாட் வேகத்தில் நொடியில் ஐந்தில் ஒரு பங்கு நேரம் எரியும் பிளாஷ் தின்பது ஒரே ஒரு ஜூல். பத்து சதவீதம் மீந்திருந்தாலும் கணக்குப்படி 6,900 முறை அடிக்கலாம்! பிறகு ஏன் இந்தக் கஞ்சத்தனம்?

அளவு குறைவுதான், வேகம்தான் பிரச்சினை. அந்த ஒரு கணத்தில் விளக்கு ஒன்று முதல் ஒன்றரை ஆம்பியர் வரை இழுக்கிறது. வயதான பேட்டரிக்கு உள்மின்தடை ஏறியிருக்கும். திடீரென இழுத்தால் அதன் அழுத்தம் சரியும். ஏற்கெனவே தாழ்ந்திருக்கும் அழுத்தம் மேலும் சரிந்தால் போன் மொத்தமாக அணைந்து மறுபடி தொடங்கும். சார்ஜ் பாதி இருக்கும்போது படம் எடுத்தவுடன் போன் அணைந்துபோவதைச் சிலர் பார்த்திருப்பீர்கள். அங்கே பிளாஷைக் குறை சொல்லிப் பயனில்லை, பேட்டரிதான் மூப்படைந்திருக்கிறது. ஆகவே இரண்டாம் படி: பேட்டரி சேவர் போட்டிருந்தால் எடுத்துவிட்டு, பாதிக்கு மேல் சார்ஜ் ஏற்றிச் சோதியுங்கள்.

பிளாஷுக்குப் போட்டியாளரும் உண்டு. செண்பகத்தோப்பு மாதிரி மலையடிவாரத்தில் டவர் தள்ளியிருந்தால், போன் தன் முழு பலத்தோடு சிக்னலை அனுப்பும். பழைய 2ஜி முறையில் அந்தத் துடிப்பு மட்டுமே இரண்டு ஆம்பியர் வரை இழுக்கக்கூடியது. ரேடியோவும் பிளாஷும் ஒரே கணத்தில் கை நீட்டினால் பேட்டரி தாங்காது. அதனால் பல பிளாஷ் ஐ.சி.களில் இதற்கென்றே ஒரு கால், அதாவது இணைப்பு முனை, வைத்திருக்கிறார்கள். ரேடியோ சிக்னல் அனுப்பப் போகிறது என்ற செய்தி அந்தக் காலில் வந்ததும், எரிந்துகொண்டிருக்கும் விளக்கின் மின்னோட்டம் குறைக்கப்படும். அனுப்பி முடித்ததும் மீண்டும் ஏறும். எல்லாம் நம் கண் உணராத வேகத்தில்.

இன்னொரு காவலர் வெப்பமானி. எல்.ஈ.டி. வாங்கும் மின்சாரத்தில் பெரும்பங்கு ஒளியாகாமல் சூடாகிறது. ஐபோனை 35 டிகிரி வரையான சூழலில் பயன்படுத்தும்படிதான் ஆப்பிள் நிறுவனம் சொல்கிறது. போன் சூடேறினால் பிளாஷ் தற்காலிகமாக நிற்கும் என்றும் சொல்கிறது. விருதுநகர் மாவட்டத்தில் சித்திரை, வைகாசியில் 35 என்பது முற்பகல் வெயில். பைக் ஹேண்டிலில் மாட்டி, மேப் போட்டுக்கொண்டு ராஜபாளையத்திலிருந்து ஸ்ரீவில்லிபுத்தூர் வந்து இறங்கியவுடன் பிளாஷ் அடிக்கவில்லை என்றால், போனை நிழலில் ஆறவிடுங்கள். ஃபிரிட்ஜில் வைக்காதீர்கள், உள்ளே ஈரம் கோத்துக்கொள்ளும்.

இத்தனையும் தவறிப்போனால்? அதற்கும் ஐ.சி.யில் ஏற்பாடு உண்டு. மென்பொருள் சிக்கிக்கொண்டு விளக்கை அணைக்க மறந்தால், ஐ.சி.க்குள் ஓடும் கடிகாரம் அரை நொடி, ஒரு நொடி அளவில் தானாகவே அணைத்துவிடும். விளக்கின் கம்பி அறுந்திருந்தாலோ, ஒன்றோடொன்று ஒட்டியிருந்தாலோ ஐ.சி. அதைக் கண்டுபிடித்துத் தன் குறிப்பேட்டில் பதிந்துகொள்ளும். ஒற்றை விளக்குக்கு இத்தனை பாதுகாப்பை யோசித்து வைத்த பொறியாளர்கள் யாரென்று நமக்குத் தெரியாது, அவர்கள் பாராட்டுக்குரியவர்கள்.

மென்பொருளின் பக்கமும் பார்க்க வேண்டும். ஆண்ட்ராய்டில் கேமராவை ஒரு நேரத்தில் பொதுவாக ஓர் ஆப்தான் பிடித்துக்கொள்ள முடியும். 2015-இல் ஆண்ட்ராய்டு 6 வரும்வரை, நாம் இறக்கிக்கொண்ட டார்ச் ஆப் விளக்கை ஏற்றுவதற்குக் கேமராவையே திறந்து வைத்திருக்க வேண்டியிருந்தது. இன்றும் வீடியோ காலோ, கியூஆர் ஸ்கேனரோ கேமராவை விடாமல் பிடித்திருந்தால் டார்ச் பொத்தான் மங்கிக் கிடக்கும். எல்லா ஆப்களையும் மூடி, போனை ஒருமுறை அணைத்துப் போடுங்கள். பிறகு, போனோடு வந்த கேமரா ஆப்பிலேயே பிளாஷை "ஆட்டோ"வில் விடாமல் "ஆன்" செய்து பாருங்கள். நைட் மோடில் பிளாஷ் அடிக்காது. அங்கே போன் பல படங்களை அடுத்தடுத்து எடுத்து ஒன்றாக்கி இருட்டை வெல்கிறது.

பிளாஷ் அடிக்கிறது, படம் மட்டும் இருட்டு என்பவர்களும் உண்டு. போன் கேமரா படத்தை ஒரே வீச்சில் எடுப்பதில்லை. மேலிருந்து கீழாக வரி வரியாகப் படிக்கிறது. எல்லா வரிகளும் படித்து முடியும்வரை விளக்கு எரிய வேண்டும். படம் எடுக்கும் முன்பே போன் ஒரு சிறு முன்னோட்ட வெளிச்சம் அடித்து, திரும்பி வரும் ஒளியை அளந்து, நிறத்தையும் வெளிச்ச அளவையும் கணித்துக்கொள்கிறது. இந்தத் தாளம் சற்றுப் பிசகினாலும் படம் கறுத்துவிடும். வெளியிலிருந்து இறக்கிய கேமரா ஆப்களில் இது நேர்வதுண்டு.

பழுதே இல்லாத இடத்திலும் பழுது என்று தோன்றலாம். ஆடிப்பூரத் திருவிழா இரவில் ஸ்ரீவில்லிபுத்தூர் ஆண்டாள் கோயிலின் பதினொரு நிலைக் கோபுரத்தை நோக்கிப் பிளாஷ் அடிக்கிறோம். கோபுரத்தின் உயரம் சுமார் 192 அடி. முழுதாகப் படத்தில் அடங்க 60 மீட்டர் தள்ளி நிற்கிறோம் என்று வைத்துக்கொள்வோம். தூரம் இரண்டு மடங்கானால் ஒளி நான்கில் ஒன்றாகும். 1 மீட்டரில் விழும் வெளிச்சத்தில் 3,600-இல் ஒரு பங்குதான் கோபுரத்தைத் தொடும். அந்த ஒளியில் முன்னால் நிற்பவர்களின் பின்னந்தலைகள்தான் வெளுக்கும். போன் பிளாஷின் எல்லை இரண்டு, மூன்று மீட்டர்தான். கோபுரத்துக்கும் தேருக்கும் பிளாஷை அணைத்துவிட்டு, கையை ஆட்டாமல் எடுங்கள்.

இவ்வளவுக்குப் பிறகும் டார்ச், பிளாஷ் இரண்டும் எரியவில்லை, போன் அண்மையில் கீழே விழுந்தது அல்லது நனைந்தது என்றால், கடைக்குத்தான் போக வேண்டும். அங்கே டெக்னீஷியன் செய்வதைப் பார்ப்பது நல்ல பாடம். பின்மூடியைச் சூடுகாட்டிக் கழற்றி, மல்டிமீட்டரை டயோடு நிலையில் வைத்து விளக்கின் இரு முனைகளையும் தொடுவார். மூன்று வோல்ட் அளவு தரும் மீட்டராக இருந்தால், நல்ல எல்.ஈ.டி. ஒரு மங்கலான மினுக்கு மினுக்கும். மினுங்கினால் விளக்கு தப்பியது. அடுத்து ஸ்ட்ரிப், அதாவது விளக்கைப் போர்டோடு இணைக்கும் மெல்லிய, மடங்கும் பட்டை. ஐபோன் 6 போன்ற சில மாடல்களில் பவர் பொத்தானும் பின்பக்க மைக்கும் பிளாஷும் ஒரே ஸ்ட்ரிப்பில் வரும். ஆகவே பிளாஷோடு பவர் பொத்தானும் மக்கர் செய்தால் குற்றவாளி யாரென்று திறக்காமலே சொல்லிவிடலாம். ஸ்ட்ரிப்பும் நன்றாக இருந்தால்தான் போர்டில் உள்ள ஐ.சி.யையும் காயிலையும் சந்தேகிக்க வேண்டும். அது நுண்ணோக்கியும் சூடான காற்றும் தேவைப்படும் வேலை.

வீட்டில் நீங்களே பேட்டரியிலிருந்து கம்பி இழுத்து விளக்கைச் சோதிக்க வேண்டாம். லித்தியம் பேட்டரியில் துளை விழுந்தால் தீப்பிடிக்கக்கூடும். கடையில் கொடுக்கும் முன் படங்களை வேறிடத்தில் சேமித்துக்கொள்ளுங்கள். விளக்கு, ஸ்ட்ரிப், போர்டு என்ற வரிசையிலேயே பார்க்கச் சொல்லுங்கள். போர்டில் கைவைக்கும் முன் உங்களிடம் கேட்கச் சொல்லுங்கள்.