பட்டப்பகலில் கடிக்கிற கொசு

"சாயங்காலம் அஞ்சரை மணி ஆயிட்டா ஜன்னலையெல்லாம் சாத்திடுவேன். ராத்திரி வலை கட்டாம படுக்கிறதே கிடையாது. அப்புறமும் எப்படி எங்க வீட்டுக் குழந்தைக்கு டெங்கு வந்துச்சு?" என்று ஆஸ்பத்திரி வராந்தாவில் அங்கலாய்க்கிற தாய்மார்கள் எத்தனையோ பேர். நியாயமான கேள்விதான். டெங்குவைப் பரப்பும் கொசு ராத்திரிக்காகக் காத்திருப்பதில்லை என்பதுதான் பதில். நீங்கள் காலைக் காப்பி போடும் நேரத்திலேயே அது வேலையை ஆரம்பித்துவிடுகிறது!

நமக்குக் கொசு என்றால் எல்லாமே ஒன்றுதான். ஆனால் அவற்றுக்குள் ஜாதி வேறு, பழக்கம் வேறு. கடிப்பது என்னவோ பெண் கொசு மட்டும்தான். முட்டையிட அதற்கு ரத்தம் தேவை. மலேரியாவைக் கொண்டுவருவது அனாஃபிலிஸ் என்ற கொசு. 1897-ம் ஆண்டு ஆகஸ்ட் 20-ம் தேதி செகந்திராபாத்தில் ரொனால்டு ராஸ் என்ற ராணுவ டாக்டர் கொசுவின் வயிற்றில் மலேரியாக் கிருமியைக் கண்டுபிடித்தாரே, அந்த வகை. சென்னை போன்ற நகரங்களில் அது கிணறுகளிலும் மொட்டைமாடித் தொட்டிகளிலும் வளர்கிறது. யானைக்கால் நோய்க்குக் காரணம் சாக்கடையில் வளரும் கியூலெக்ஸ். அதே குடும்பத்தைச் சேர்ந்த இன்னொன்று நெல்வயல் தண்ணீரில் வளர்ந்து ஜப்பானிய மூளைக்காய்ச்சலைப் பரப்புகிறது. நம் நாட்டில் அந்த நோய் முதலில் அடையாளம் காணப்பட்டது 1955-ல், நம் வேலூர்ப் பக்கத்தில்தான். இவையெல்லாம் பெரும்பாலும் பொழுது சாய்ந்த பிறகு கடிப்பவை. ஆகவே விளக்கு வைக்கும் நேரத்தில் ஜன்னலைச் சாத்தும் பாட்டி காலத்துப் பழக்கமும் ராத்திரி வலையும் இவற்றுக்குச் சரியான மருந்து. விட்டுவிடாதீர்கள்.

ஏடிஸ் என்பதுதான் தனி ரகம். கறுப்பு உடம்பு, கால்களில் வெள்ளை வெள்ளையாகப் பட்டை. விடிந்து இரண்டு மணி நேரம் வரையிலும், அப்புறம் பொழுது சாய்வதற்கு முன்னாலும் இதற்கு நல்ல பசி. காதருகே ரீங்காரம் போட்டு எழுப்பிவிட்டுக் கடிக்கும் கொசு மாதிரி அல்ல. மேஜைக்கு அடியில் கணுக்காலைத் தேடிவந்து சத்தமில்லாமல் கடிக்கும். கொஞ்சம் அசைந்தாலும் எழுந்து பறந்து அடுத்த ஆளிடம் போகும். ஒரு வேளைச் சாப்பாட்டை இப்படி நாலு பேரிடம் முடிப்பதால்தான், ஒரே வீட்டில் ஒருவர் பின் ஒருவராகப் படுத்துவிடுகிறார்கள். டெங்கு மட்டுமல்ல, சிக்குன்குனியாவும் இதன் கைங்கரியமே. 1964-ல் சென்னையைப் படுத்திவிட்டுப் போன அந்த மூட்டுவலிக் காய்ச்சல் 2006-ல் திரும்பி வந்து எத்தனை பேரை மாசக்கணக்கில் கைப்பிடிச் சுவரைப் பிடித்துக்கொண்டு நடக்கவைத்தது என்பது பலருக்கும் நினைவிருக்கும். 2021 ஜூலையில் கேரளத்தில் தலைகாட்டிய ஜிகாவும் இதே கொசுவால் பரவுவதுதான். வயிற்றில் இருக்கும் சிசுவின் மூளையைப் பாதிக்கக்கூடியது என்பதால் கர்ப்பிணிகள் பகல் கொசுவை அலட்சியம் செய்யவே கூடாது.

அரசாங்கக் கணக்குப்படி 2012-ல் தமிழ்நாட்டில் 12,826 பேருக்கு டெங்கு கண்டது. 66 பேர் இறந்தார்கள். 2017-ல் 23,294 பேர்; இறந்தவர்கள் 65. இத்தனைக்கும் காரணமான கொசு எங்கோ கூவக்கரையில் பிறந்து நம்மைத் தேடி வருவதில்லை. அது நீண்ட தூரம் பறக்காது. பிறந்த இடத்திலிருந்து சில நூறு மீட்டருக்குள்ளேயே சுற்றிக்கொண்டிருக்கும். பிறப்பதும் சாக்கடையில் அல்ல. நாம் பத்திரமாகப் பிடித்து வைத்திருக்கும் நல்ல தண்ணீரில். சொல்லக் கஷ்டமாக இருக்கிறது, ஆனால் நம் வீட்டுக் கொசு நாம் வளர்த்த கொசு.

குளியலறைத் தொட்டிக்குள் ஒரு டார்ச் அடித்துப் பாருங்கள். மேலே வந்து மூச்சு வாங்கிவிட்டு, நெளிந்து நெளிந்து கீழே போகிற புழுக்கள் தெரிகிறதா? கிராமத்தில் கூத்தாடி என்பார்கள். பொருத்தமான பெயர்தான்! முட்டையிலிருந்து கொசுவாக இறக்கை கட்டிப் பறக்க, நம் ஊர் வெயிலில் ஏழிலிருந்து பத்து நாள் போதும். அதனால்தான் வாரம் ஒரு தடவை தண்ணீரைக் கொட்டுங்கள் என்று சொல்கிறார்கள்.

ஆனால் கொட்டினால் மட்டும் போதாது. இதைப் பலரும் கவனிப்பதில்லை. இந்தக் கொசு தண்ணீரில் முட்டையிடுவதில்லை. தண்ணீர் மட்டத்துக்குச் சற்று மேலே, தொட்டியின் ஈரச் சுவரில் ஒட்டவைக்கிறது. புள்ளி புள்ளியாகக் கறுப்பாக இருக்கும். அழுக்கு என்று நினைப்போம். தொட்டி காய்ந்தாலும் அந்த முட்டை சாவதில்லை. பல மாதம் அப்படியே கிடந்து, மறுபடி தண்ணீர் பட்டதும் பொரிந்துவிடும். கோடையில் கவிழ்த்துவைத்த டிரம்மை ஐப்பசி மழைக்கு நிமிர்த்தினால் உள்ளே கூத்தாடி நெளிவதன் ரகசியம் இதுதான். எனவே தேங்காய் நாரோ பிரஷ்ஷோ போட்டு, கொஞ்சம் பிளீச்சிங் பவுடரும் சேர்த்து, உள்பக்கச் சுவரை அழுத்தித் தேய்த்துக் கழுவ வேண்டும். விளிம்புக்குக் கீழே உள்ள ஒரு சாண் இடம் ரொம்ப முக்கியம்.

"நாலு நாளைக்கு ஒரு தடவைதான் தண்ணி வருது. பிடிச்சு வச்சதைக் கொட்டுன்னா எப்படிம்மா?" என்பீர்கள். வாஸ்தவம். தண்ணீர்த் தட்டுப்பாடு உள்ள இடத்தில்தான் குடமும் டிரம்மும் அதிகம், அதனால் டெங்குவும் அதிகம். அங்கே போய்க் கொட்டு என்பது பொறுப்பில்லாத பேச்சு. கொட்ட வேண்டாம். பழைய வேட்டித் துணியை நாலாக மடித்து வடிகட்டி வேறு பாத்திரத்தில் ஊற்றிக்கொண்டு, காலிப் பாத்திரத்தைத் தேய்த்துவிட்டு, திரும்ப ஊற்றிவிடலாம். வடிகட்டிய துணியை வெயிலில் உதறிப் போட்டால் கூத்தாடிகள் காய்ந்து செத்துப்போகும். அப்புறம் வாயில் துணியைக் கட்டி, அதன் மேல் மூடி. மூடி மட்டும் என்றால் இடுக்கு இருக்கும். கொசுவுக்கு இடுக்கே ராஜபாட்டை. கழுவவே முடியாத பெரிய சிமெண்டுத் தொட்டிக்கு, சுகாதாரப் பணியாளர் வந்து ஊற்றும் மருந்தை வேண்டாம் என்று திருப்பி அனுப்பாதீர்கள். குறிப்பிட்ட அளவில் குடிநீரிலேயே சேர்க்கலாம் என்று உலக சுகாதார நிறுவனம் ஒப்புக்கொண்ட மருந்து அது. புழக்கத்தில் இல்லாத கிணறாக இருந்தால் கம்பூசியா மீன் விடச் சொல்லிக் கேளுங்கள். கூத்தாடிதான் அதற்கு விருந்து.

தொட்டி, டிரம் நம் கண்ணில் படும். படாதவைதான் ஆபத்து. ஃபிரிட்ஜின் பின்னால் தண்ணீர் சொட்டும் தட்டு. எறும்பு ஏறாமலிருக்க அலமாரிக் கால்களுக்கு வைத்த கிண்ணம். பாட்டிலில் மணி பிளாண்ட். ஏர் கூலர். மிக்ஸி வந்த பிறகு கொல்லையில் ஓரங்கட்டப்பட்ட ஆட்டுக்கல்லின் குழி. பூந்தொட்டிக்கு அடியில் வைத்த தட்டு, வெட்டிப் போட்ட இளநீர்க் கூடு, உடைந்த பக்கெட், மாடியில் எப்போதோ போட்ட டயர். ஒரு சிரட்டைத் தண்ணீர் போதும் அதற்கு. வெள்ளிக்கிழமை வீடு கழுவுகிற வழக்கம் உள்ளவர்கள் இந்தப் பட்டியலையும் அதோடு சேர்த்துக்கொண்டால் தனியாக ஒரு வேலையாகத் தோன்றாது. வீட்டுக்காரரையும் பிள்ளைகளையும் மொட்டைமாடிக்கு அனுப்புங்கள். எல்லாம் நாமே செய்ய வேண்டும் என்று எந்தச் சட்டமும் இல்லை. தெருவில் புகை அடித்துவிட்டுப் போனார்களே என்று நிம்மதியாக இருந்துவிடாதீர்கள். அந்தப் புகை பறக்கிற கொசுவைத்தான் கொல்லும். தொட்டியில் இருக்கிற கூத்தாடிக்கு அதனால் ஒரு சேதமும் இல்லை.

இனி கடிபடாமல் தப்பிப்பது எப்படி என்று பார்ப்போம். "இவளுக்கு ரத்தம் தித்திப்பு, அதான் கடிக்குது" என்பதெல்லாம் சும்மா. நாம் விடும் மூச்சுக் காற்று, உடம்புச் சூடு, வியர்வை வாசனை இவற்றை வைத்துத்தான் கொசு ஆளைக் கண்டுபிடிக்கிறது. கர்ப்பிணிகளுக்கு மூச்சும் சூடும் கூடுதல். மலேரியாக் கொசுக்களை வைத்து ஆப்பிரிக்காவின் காம்பியா நாட்டில் செய்த ஆராய்ச்சி ஒன்றில், மற்றப் பெண்களைவிட கர்ப்பிணிகளைத் தேடி இரண்டு பங்கு கொசு வந்ததாம்!

கைக்குழந்தை பகலில்தான் அதிகம் தூங்கும். அந்தத் தூக்கத்துக்குத்தான் முதலில் வலை வேண்டும். குடை மாதிரி விரியும் சின்ன வலை கடையில் கிடைக்கிறது. ஓரம் தரையோடு படிந்திருக்கிறதா என்று பாருங்கள். பள்ளிக்குப் போகிற பிள்ளைக்குக் காலும் கையும் மூடுகிற, வெளிர் நிறப் பருத்தி உடை நல்லது. கொசு விரட்டிக் களிம்பு தடவினால், குழந்தையின் உள்ளங்கையிலும் கண், வாய் அருகிலும் தடவ வேண்டாம். கையை வாயில் வைக்குமே. டீட் கலந்த களிம்பை இரண்டு மாதத்துக்குக் குறைந்த சிசுவுக்கு உபயோகிக்கவே கூடாது. கொசுவர்த்திச் சுருள் பற்றி எனக்கு நல்ல அபிப்பிராயம் கிடையாது. ஒரு சுருள் எரிந்து முடியும்போது வருகிற நுண்துகள் 75 முதல் 137 சிகரெட் புகைத்ததற்குச் சமம் என்று 2003-ல் வெளியான ஓர் ஆய்வு சொல்கிறது. கதவு ஜன்னலைச் சாத்திக்கொண்டு, இழுப்பு உள்ள குழந்தையின் தலைமாட்டில் அதைக் கொளுத்துவது என்ன நியாயம்? மின்சாரத்தில் சொருகுகிற திரவக் குப்பியானால், தவழ்கிற குழந்தைக்கு எட்டாத உயரத்தில் இருக்கட்டும். அந்தத் திரவத்தைக் குடித்துவிட்டு ஆஸ்பத்திரிக்கு வருகிற குழந்தைகள் உண்டு. செலவானாலும், ஜன்னலுக்குக் கம்பி வலை அடிப்பதுதான் என் ஓட்டு.

இவ்வளவுக்குப் பிறகும் காய்ச்சல் வந்துவிட்டால்? திடீரென்று அனலாகக் கொதிக்கும்; கண்ணுக்குப் பின்னால் வலி, உடம்பெல்லாம் அடித்துப் போட்ட மாதிரி இருக்கும். முதல் ஐந்து நாள் நோயாளியைப் பகலிலும் வலைக்குள் படுக்கவையுங்கள். அவருக்காக அல்ல, மற்றவர்களுக்காக. அவரைக் கடித்த கொசுதான் அடுத்தவருக்குக் கொண்டுபோகிறது. காய்ச்சலுக்குப் பாரசிட்டமால் மட்டும், டாக்டர் சொன்ன அளவில். ஆஸ்பிரின், இபுபுரூஃபன், மெஃபனமிக் ஆசிட் வகை மாத்திரைகள் ரத்தக்கசிவைக் கூட்டக்கூடியவை. வீட்டில் மிச்சம் இருக்கிறதே என்று கொடுத்துவிடாதீர்கள். "ஒரு ஊசி போட்டுடுங்க டாக்டர், சீக்கிரம் சரியாயிடும்" என்று வற்புறுத்தவும் வேண்டாம். டெங்குவில் தசையில் போடும் ஊசியைத் தவிர்ப்பார்கள். கஞ்சி, மோர், இளநீர், உப்பு-சர்க்கரைக் கரைசல் என்று ஏதாவது ஒன்று உள்ளே போய்க்கொண்டே இருக்கட்டும். பீட்ரூட், மாதுளைச் சாறு மட்டும் இப்போது வேண்டாம். வாந்தி எடுத்தால் ரத்தமா சாறா என்று தெரியாமல் குழம்பிப்போவோம். நிலவேம்புக் குடிநீர் கொடுக்கிறவர்கள் கொடுங்கள். ஆனால் அதை நம்பி டாக்டரையும் ரத்தப் பரிசோதனையையும் தள்ளிப்போடாதீர்கள்.

தாய்மார்கள் ஏமாந்துபோகிற இடம் அடுத்ததுதான். மூன்றாம் நாளிலிருந்து ஏழாம் நாளுக்குள் காய்ச்சல் விடும். "அப்பாடா, பிழைச்சது" என்று குழந்தையை விட்டுவிட்டு அடுக்களைக்குப் போய்விடுவோம். உண்மையில் ஆபத்து ஆரம்பிப்பது அப்போதுதான். காய்ச்சல் இறங்கிய ஓரிரு நாளில்தான் ரத்தத்தின் நீர்ப்பகுதி குழாய்களிலிருந்து கசியும். "பிளேட்லெட் எத்தனை?" என்பதையே எல்லோரும் விசாரிப்பார்கள். அந்த எண் மட்டும் முக்கியமல்ல; ரத்தம் கெட்டிப்பட்டிருக்கிறதா என்பதையும் டாக்டர் பார்ப்பார். ஏற்கெனவே ஒரு தடவை டெங்கு வந்த பிள்ளையானால் இன்னும் கவனம். டெங்குவில் நான்கு வகை உண்டு. ஒன்று வந்து போனால் மற்ற மூன்றுக்கும் நிலையான பாதுகாப்புக் கிடையாது. இரண்டாவது முறை வருவது கடுமையாக இருக்கலாம்.

கடுமையான வயிற்றுவலி, நிற்காத வாந்தி, ஈறிலோ மூக்கிலோ ரத்தம், மலம் கறுப்பாகப் போவது, கை கால் ஜில்லிடுவது, குழந்தை ஓயாமல் சிணுங்குவது அல்லது துவண்டு கிடப்பது, ஆறு மணி நேரமாகச் சிறுநீர் போகாதது - இதில் ஒன்று தெரிந்தாலும் விடியட்டும் என்று பார்க்காதீர்கள், நடுராத்திரியானாலும் ஆஸ்பத்திரிக்குக் கிளம்புங்கள். கிளம்பும்போது, காய்ச்சல் ஆரம்பித்த நாள், விட்ட நேரம், கடைசியாகச் சிறுநீர் போனது எப்போது, என்னென்ன மாத்திரை கொடுத்தீர்கள் என்பதை ஒரு சீட்டில் எழுதி எடுத்துக்கொள்ளுங்கள். பதற்றத்தில் எதுவும் நினைவுக்கு வராது. டாக்டர் கேட்கப் போவதோ இதைத்தான்.