கடனைக் கட்டியாச்சு, வில்லங்கம் நீங்கியாச்சா?

கடலூருக்குப் பக்கத்தில் இருக்கும் திருவந்திபுரத்தில் ஒரு மனை பார்த்திருக்கிறீர்கள் என்று வைத்துக்கொள்வோம். விலை படிந்துவிட்டது. விற்பவர் சொல்கிறார்: "பேங்க்ல ஒரு கடன் இருந்துச்சுங்க, எல்லாம் கட்டியாச்சு." இந்தப் பேச்சை மட்டும் நம்பி முன்பணம் கொடுத்துவிடாதீர்கள். முதலில் உங்கள் செல்போனை எடுங்கள்.

வில்லங்கத்தைப் பாருங்கள்

பதிவுத்துறை இணையதளத்தில் 'மின்னணு சேவைகள்' பகுதிக்குள் 'வில்லங்கச் சான்று விவரம் பார்வையிடுதல்' இருக்கும். கடலூர் மண்டலம், சார்பதிவாளர் அலுவலகம், கிராமம், புல எண், உட்பிரிவு எண் கொடுத்தால் பதிவான ஆவணங்கள் வரிசையாக வரும். பார்க்கக் கட்டணம் இல்லை. முப்பது வருடத்துக்காவது பாருங்கள். அடமானம் அல்லது உரிமை ஆவணம் ஒப்படைப்பு என்று ஒரு பதிவு இருந்தால், அதற்குப் பிறகு 'ரசீது' ஆவணம் பதிவாகியிருக்கிறதா என்று தேடுங்கள். ரசீது இல்லையென்றால், பணம் கட்டியிருந்தாலும் பதிவேட்டில் அந்த அடமானம் அப்படியே நிற்கிறது என்று பொருள்.

ஒரு எச்சரிக்கை: எழுத்து எதுவும் பதியாமல், பத்திரத்தை மட்டும் கொடுத்து வாங்கிய கடன் வில்லங்கத்தில் வராது. அதனால் அசல் பத்திரத்தையும் மூலப்பத்திரத்தையும் நேரில் பாருங்கள். ஜெராக்ஸ் போதாது. வங்கிக் கடன்களைப் பதிந்து வைக்கும் 'செர்சாய்' இணையதளத்திலும் சிறு கட்டணத்தில் தேடலாம்.

ரசீது பதிவது எப்படி?

கடன் கொடுத்தவர் சார்பதிவாளர் அலுவலகத்துக்கு வந்து, கடன் தீர்ந்தது என்று ரசீது எழுதிப் பதிய வேண்டும். வங்கி என்றால் அதிகாரம் பெற்ற அலுவலர் வருவார். தனிநபர் கொடுத்த கடன், அவரும் இறந்துவிட்டார் என்றால் வாரிசுகள் அனைவரும் கையெழுத்திட வேண்டும்.

வங்கி பத்திரத்தைத் திருப்பித் தராமல் இழுத்தடிக்கிறதா? ரிசர்வ் வங்கியின் 2023 செப்டம்பர் உத்தரவின்படி, கடன் முழுதும் தீர்ந்த 30 நாளுக்குள் அசல் ஆவணங்களைத் தர வேண்டும். 2023 டிசம்பர் 1 முதல் இது நடைமுறையில் இருக்கிறது. வங்கியின் தவறால் தாமதமானால் நாள் ஒன்றுக்கு 5,000 ரூபாய் இழப்பீடு உண்டு. கேட்பதை எழுத்தில் கேளுங்கள்.

கடன் இன்னும் பாக்கி இருந்தால்?

பயப்பட வேண்டாம், வாங்கலாம். ஆனால் முழுப் பணத்தையும் விற்பவர் கையில் கொடுக்காதீர்கள். வில்லங்கம் இல்லாமல் தருவதாகப் பேசி விற்கும் சொத்தில், கடன் தொகையை விலையில் பிடித்துக்கொண்டு கடன் கொடுத்தவருக்கே செலுத்த 1882-ஆம் ஆண்டு சொத்து மாற்றுச் சட்டத்தின் 55-ஆம் பிரிவு இடம் தருகிறது. நிலுவை எவ்வளவு என்று வங்கியிடம் கடிதம் வாங்கி, அந்தத் தொகையை நேராகக் கடன் கணக்கில் கட்டுங்கள். முதலில் ரசீது, பிறகு கிரயம் என்ற வரிசையில் பதியுங்கள்.

வாங்கிய பிறகு தெரிந்தால்?

பதிவான அடமானம் மனையோடு சேர்ந்தே உங்களிடம் வரும். "எனக்குத் தெரியாது" என்று சொல்லித் தப்ப முடியாது. ஆனால் சொத்து இப்போது உங்களுடையது என்பதால், கடனைத் தீர்த்து அதை மீட்கும் உரிமையும் உங்களுக்கு இருக்கிறது. கடன் கொடுத்தவர் வாங்க மறுத்தால் நீதிமன்றத்தில் பணத்தைச் செலுத்தலாம். வில்லங்கம் இல்லை என்று எழுதிக் கொடுத்த விற்பனையாளரிடம் அந்தத் தொகையைத் திரும்பக் கேட்கலாம். வழக்கறிஞர் வைக்க வசதி இல்லையென்றால் சட்டப் பணிகள் ஆணைக்குழுவின் 15100 எண்ணில் கேளுங்கள். பெண்களுக்கும் ஆதிதிராவிடர், பழங்குடியினருக்கும் வருமானம் பார்க்காமலே இலவச சட்ட உதவி உண்டு.

கடைசியில் பட்டா

பட்டா உங்கள் பெயருக்கு வந்துவிட்டால் அடமானம் போய்விடும் என்று பலர் நினைக்கிறார்கள். அப்படி இல்லை. பட்டா வருவாய்த்துறைப் பதிவு. அடமானம் தீர ரசீதுதான் வேண்டும்.

உட்பிரிவு செய்யத் தேவையில்லாத சொத்து என்றால், கிரயம் பதிவானதும் பட்டா மாறுதல் இணையவழியிலேயே நடக்க வாய்ப்புண்டு. புல எண்ணில் ஒரு பகுதியை மட்டும் வாங்கியிருந்தால் நில அளவர் வந்து அளந்து உட்பிரிவு செய்ய வேண்டும். இ-சேவை மையத்திலோ, தமிழ் நிலம் இணையதளத்திலோ விண்ணப்பித்து, விண்ணப்ப எண்ணைப் பத்திரமாக வையுங்கள். பிறகு பட்டாவில் பெயர், பரப்பு, புல எண் மூன்றும் பத்திரத்தோடு பொருந்துகிறதா என்று பாருங்கள். உத்தரவில் குறை இருந்தால் வருவாய்க் கோட்டாட்சியரிடம் மேல்முறையீடு செய்யலாம்.

கோயில் ஊர்களில் இன்னொன்றையும் கவனிக்க வேண்டும். பழைய பதிவேட்டில் நிலம் கோயில் பெயரில் இருக்கிறதா என்று கிராம நிர்வாக அலுவலரிடம் 'அ' பதிவேட்டைப் பார்த்துக் கேளுங்கள். அறநிலையத்துறை ஆணையரின் அனுமதி இல்லாமல் கோயில் நிலத்தை விற்றாலும் அடமானம் வைத்தாலும் அது செல்லாது.

எல்லாம் முடிந்ததும் ஒரு வேலை பாக்கி. மறுபடி வில்லங்கம் போட்டுப் பாருங்கள். ரசீதும் உங்கள் கிரயமும் அதில் ஏறியிருந்தால், நிம்மதியாகக் கடக்கால் தோண்டலாம்.